பாராசைட்: வெயில்கூட பணக்காரங்களுக்குத்தானா? யார் இந்த ஒளிப்பதிவாளர் ஹாங் கியுங்-பியோ?

பாராசைட் படம் பார்த்திருக்கீங்களா? பணக்காரர் வீட்டு ஹாலில் ஒரு பக்கச் சுவர் முழுக்கக் கண்ணாடி. வெயில் தாராளமாக உள்ளே வரும். ஏழைக் குடும்பம் வாழும் வீடோ பாதி தரைக்குக் கீழே. ரோட்டு மட்டத்தில் இருக்கும் ஜன்னல் வழியாகக் கொஞ்சம் வெளிச்சம்தான். இப்படி வெளிச்சத்தை வைத்தே ஏழை, பணக்காரர் வித்தியாசத்தைக் காட்டியவர் தென் கொரிய ஒளிப்பதிவாளர் ஹாங் கியுங்-பியோ.

யார் இவர்?

2004-ல் வெளியான டேகுக்கி என்ற போர்ப் படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர். பிறகு இயக்குநர் போங் ஜூன்-ஹோவுடன் மதர் (2009), ஸ்னோபியர்சர் (2013), பாராசைட் (2019). நடுவே தி வெய்லிங் (2016), பர்னிங் (2018) என வேறு இயக்குநர்களின் படங்கள்.

ரயிலில் ஜன்னல் யாருக்கு?

உலகமே பனியில் உறைந்த பிறகு ஓயாமல் ஓடும் ரயில்தான் ஸ்னோபியர்சர் கதைக்களம். கடைசிப் பெட்டிகளில் ஏழைகள். அங்கே ஜன்னலே கிடையாது, ஒரே இருட்டு. சண்டை போட்டு முன்னேறி, ஜன்னல் உள்ள பெட்டிக்கு வந்ததும் வெளிச்சத்தில் அவர்களுக்குக் கண் கூசுகிறது.

கடன் வாங்கிய வெயில்

பர்னிங் படத்தில் ஹேமி என்ற பெண்ணின் குட்டி அறைக்கு நேரடி வெயில் வராது. சியோல் டவர் கண்ணாடியில் பட்டுத் தெறிக்கும் வெளிச்சம் மட்டும் தினமும் கொஞ்ச நேரம் எட்டிப் பார்க்கும். அதே ஹேமி அந்தி நேரத்தில் ஆடும் காட்சியை இயற்கை ஒளியிலேயே எடுத்தார் ஹாங். ஒரு நாளில் சில நிமிடங்களே கிடைக்கும் வெளிச்சம் அது.

பாராசைட்டில் செய்தது என்ன?

அந்தப் பணக்கார வீடு உண்மையான வீடு இல்லை, செட். தரைத்தளத்தையும் தோட்டத்தையும் திறந்தவெளியில் போட்டார்கள். சூரியன் எந்தப் பக்கம் நகர்கிறது என்று முதலில் பார்த்துவிட்டுத்தான் செட்டே எழுந்தது. இரவுக் காட்சிகளிலும் வித்தியாசம் உண்டு. அங்கே இதமான மஞ்சள் ஒளி, இங்கே பச்சை கலந்த டியூப்லைட்.

ஆஸ்கர் கிடைத்ததா?

2020-ல் சிறந்த படம் உட்பட 4 ஆஸ்கர்களை பாராசைட் வென்றது. ஆனால் ஒளிப்பதிவுக்கு நாமினேஷன்கூட இல்லை.

அடுத்த முறை இந்தப் படங்களைப் பார்க்கும்போது வெயில் யார் வீட்டுக்குள் வருகிறது என்று கவனிங்க. பாதிக் கதை அங்கேயே புரிந்துவிடும்.