நகையும் அழுகையும்: நாடகாசிரியர் நீல் சைமன்

மெய்ப்பாடுகளை எட்டென வகுத்த தொல்காப்பியர் நகையை முதலில் வைத்து, அழுகையை அதற்கு அடுத்ததாக வைத்தார். இவ்விரண்டும் அயல் வீட்டார் என்பதை அமெரிக்க நகைச்சுவை எழுத்தாளர் நீல் சைமனுடைய வாழ்க்கை நன்கு விளக்குகின்றது.

சைமன் 1927ஆம் ஆண்டு ஜூலை 4ஆம் நாள் நியூயோர்க் நகரிற் பிறந்தார். அவருடைய இளமைக் காலம் பொருளாதார மந்தம் அமெரிக்காவை வாட்டிய காலமாகும். தந்தையார் குடும்பத்தைப் பலமுறை விட்டுப் பிரிந்தார், மீண்டும் வந்தார், மீண்டும் பிரிந்தார். அந்த வீட்டிற் சிறுவனுக்குத் துணையாயிருந்தவர் தமையனார் டானி. அண்ணனும் தம்பியும் சேர்ந்தே வானொலிக்கும் தொலைக்காட்சிக்கும் நகைச்சுவை எழுதத் தொடங்கினர்.

ஐம்பதுகளின் தொடக்கத்திற் சிட் சீசர் என்னும் நடிகரின் தொலைக்காட்சி நிகழ்ச்சிக்குச் சைமன் எழுதினார். சனிக்கிழமைதோறும் தொண்ணூறு நிமிடங்கள், பதிவு செய்யாது நேரடியாகவே ஒளிபரப்பான நிகழ்ச்சி அது. எழுத்தாளர் பலர் ஓர் அறையிற் கூடி, ஒருவரையொருவர் மிஞ்சக் கத்துவர். சைமனோ மெல்லிய குரலினர். அவர் முணுமுணுத்ததைப் பக்கத்திலிருந்த கார்ல் ரைனர் கேட்டு, எல்லாருக்கும் உரக்கச் சொல்வாராம். அவ்வறையின் அமளியையே பிற்காலத்தில், 1993இல், ஒரு நாடகமாக்கினார் சைமன்.

தொலைக்காட்சி அவருக்கு வேகத்தைக் கற்பித்தது. ஆனால் அங்கு எழுதியது அன்றிரவோடு மறைந்துவிடும். எழுத்தும் பிறர் விருப்பத்திற்கு உட்பட்டது. ஆகவே அவர் மேடையை நாடினார். முதல் நாடகத்தை முடிக்க ஏறத்தாழ மூன்று ஆண்டுகள் சென்றன. இருபது முறையளவில் அதனைத் திருத்தி எழுதினார். 1961இல் அது பிரோட்வே அரங்கேறியது. 1996இல் வெளியிட்ட தன்வரலாற்று நூலுக்கும் 'திருத்தி எழுதியவை' எனப் பொருள்படும் பெயரையே இட்டார்.

திருத்தம் என்பது யாது? 1965இல் அரங்கேறிய 'பொருந்தா இணை' என்னும் நாடகத்தைப் பாருங்கள். மணமுறிவுற்ற ஒருவன் குப்பைக்கூளத்தில் வாழ்பவன். மனைவியாற் கைவிடப்பட்ட நண்பன் அவனோடு குடிபுகுகின்றான். இவனோ தூசு கண்டாற் பொறாதவன். டானி இவ்வாறு இன்னொருவருடன் ஒரே வீட்டில் வாழ்ந்த அனுபவமே இதற்கு வித்து. பொஸ்டன் நகர வெள்ளோட்டத்தில் மூன்றாம் அங்கம் சோர்ந்தது. எலியட் நோட்டன் என்ற விமரிசகர், இரண்டாம் அங்கத்தில் வந்த சகோதரியர் இருவர் இறுதியில் வராதது குறையெனக் குறிப்பிட்டார். சைமன் சினங்கொள்ளவில்லை, அவர்களை மூன்றாம் அங்கத்திற்கு மீட்டு அழைத்தார். நாடகம் உயிர்பெற்றது. பின்னர் அது திரைப்படமாயிற்று. 1970 முதல் 1975 வரை தொலைக்காட்சித் தொடராகவும் வந்தது.

நேயர்களே, இந்நாடகத்தில் நாம் எதற்குச் சிரிக்கின்றோம்? சொல்விளையாட்டுக்கு மாத்திரமன்று. வீடிழந்த இருவர், தம் மனைவியரோடு செய்த பிழைகளையே ஒருவரோடொருவர் மீண்டும் செய்கின்றனர். அவர்களுக்கு அது துன்பம், நமக்கு நகை. துன்பத்தை நீக்கிவிட்டால் நகைப்பும் உதிர்ந்துவிடும்.

1966ஆம் ஆண்டின் இறுதியில் அவருடைய நான்கு படைப்புகள் ஒரே வேளையிற் பிரோட்வேயில் நடைபெற்றன. ஆயினும் அவர் வெறும் சிரிப்பு மூட்டுபவரே என்று கருதியோர் பலர். 1973இல் மனைவி ஜோன் புற்றுநோயால் இறந்தார். மனைவியை இழந்தவன் மறுமணத்தில் எய்தும் மகிழ்ச்சியையும் குற்றவுணர்வையும் 1977இல் நாடகமாக்கினார். 1983 முதல் தம் இளமைக் குடும்பத்தையே மூன்று நாடகங்களில் வரைந்தார். 1991இல், 'யொங்கர்ஸில் தொலைந்தோர்' என்ற நாடகம் புலிட்சர் பரிசை ஈட்டித் தந்தது. தந்தை பொருளீட்டச் செல்ல, கடுமனங்கொண்ட பாட்டியிடம் விடப்பட்ட சிறுவர் இருவரின் கதை அது.

2018ஆம் ஆண்டு ஆகஸ்ட் 26ஆம் நாள், தமது 91ஆவது வயதில் அவர் மறைந்தார். அழவைப்பவனைப் பெரியவன் என்றும், சிரிக்கவைப்பவனைச் சிறியவன் என்றும் எண்ணுவது நம்மிடையேயும் உள்ள வழக்கம். முதல் நாடகம் அரங்கேறி முப்பது ஆண்டுகள் சென்றபின்னரே சைமனுக்கு அப்பரிசு கிட்டியது. சிரிப்பு எளிதிற் பிறப்பதன்று. அழுகையை அறிந்தவன் அரிதின் முயன்று ஆக்குவது.