செங்கோலும் திரிகையும்: இலியட், ஒடிசி குறித்து



'இலியட் முதலா, ஒடிசி முதலா?' என்று கேட்பவர்கள் உண்டு. இரண்டும் ஹோமர் பெயரில் வழங்குபவை. பாணர் வாய்மொழியில் வளர்ந்து, 24 பகுதிகளாக நமக்குக் கிடைப்பவை. இலியட், பத்தாண்டு டிராய்ப் போரின் இறுதியாண்டில் சில வாரங்களை மட்டும் சொல்கிறது. அக்கிலிஸின் சினத்தில் தொடங்கி ஹெக்டரின் ஈமச்சடங்கில் முடிகிறது. மரக்குதிரையை அதில் தேடாதீர்கள். அது ஒடிசியில்தான் வருகிறது. போருக்குப் பின் பத்தாண்டு அலைந்து வீடு திரும்பும் ஒடிசியஸின் கதை அது.

இந்த அளவை எந்தக் கையேடும் சொல்லிவிடும். இரண்டிலும் யாருக்குப் பேச வாய்க்கிறது, பேசியவருக்கு என்ன கிடைக்கிறது என்று கேட்டுப் படிப்பது நம் வேலை.

இலியட்டின் முதல் பகுதியில், போர்க்கொள்ளையில் பெரும்பங்கை எடுத்துக்கொள்பவன் என்று அகமெம்னானை அக்கிலிஸ் அவையில் ஏசுகிறான். இரண்டாம் பகுதியில் தெர்சைட்டீஸ் ஏறக்குறைய அதையே சொல்கிறான். அக்கிலிஸுக்கு மும்மடங்கு ஈடு கிடைக்குமெனத் தெய்வமே வாக்களிக்கிறது. தெர்சைட்டீஸின் முதுகில் ஒடிசியஸ் செங்கோலால் அடிக்கிறான், படை சிரிக்கிறது. அவன் பேச்சு நம் காதில் விழும் முன்பே, வந்தவர்களில் அவனே அவலட்சணமானவன் என்று காப்பியம் அவன் உடலை வருணித்துவிடுகிறது.

ஒடிசியின் பார்வை வீட்டுக்குள் இறங்குகிறது. பன்றி மேய்க்கும் அடிமை யூமேயஸ் தன் கதையைத் தானே சொல்கிறான். இரவெல்லாம் மாவரைத்துத் தளர்ந்த, பெயர் சொல்லப்படாத அடிமைப்பெண், தன்னை வதைத்தவர்களுக்கு இதுவே கடைசி விருந்தாகட்டும் என்று திரிகையை நிறுத்திவிட்டு வேண்டுகிறாள். ஒடிசியஸ் அதை நன்னிமித்தமாக எடுத்துக்கொள்கிறான். அவன் வென்றபின், எதிரிகளோடு படுத்தார்கள் என்ற குற்றத்துக்காக 12 அடிமைப்பெண்கள் பிணம் சுமந்து, கூடம் கழுவி, பிறகு தூக்கிலிடப்படுகிறார்கள். பலர் 'பணிப்பெண்கள்' என்று மழுப்பிய இவர்களை, 2017இல் வெளிவந்த ஆங்கில மொழிபெயர்ப்பில் எமிலி வில்சன் அடிமைகள் என்றே குறித்தார்.

ஒடிசியில் அக்கிலிஸ் பாதாளத்தில் இருக்கிறான். இறந்தோரை ஆள்வதைவிட ஓர் ஏழைக் குடியானவனிடம் கூலியாளாக உயிரோடிருப்பதே மேல் என்கிறான். கீழ்நிலைக்கு உதாரணமாக அடிமையைச் சொல்லாமல் கூலியாளைச் சொன்னது ஏன்? அடிமைக்கு ஒரு வீட்டோடாவது பந்தம் உண்டு, நிலமற்ற கூலியாளுக்கு அதுவும் இல்லை என்று 1954இல் வெளிவந்த தம் நூலில் ஃபின்லி விளக்கினார்.

ஒரு எச்சரிக்கை. யூமேயஸ் அரசன் மகன். கடத்தி விற்கப்பட்டு அடிமையானவன். பிறப்பிலேயே விலக்கும் சாதியை இந்த அடிமைமுறையோடு சமன்படுத்த முடியாது. ஆனால் தெர்சைட்டீஸ் அடிபட்டபோது சிரித்தவர்கள் மன்னர்கள் அல்லர், சாதாரணப் படைவீரர்கள். அந்தச் சிரிப்பு நமக்குப் புதிதல்ல.

புதியவர்கள் ஒடிசியில் தொடங்குங்கள். திரிகையருகே நின்ற பெண்ணைக் கேட்டுவிட்டு இலியட்டுக்கு வந்தால், தெர்சைட்டீஸ் சொன்னது என்ன என்பதும் காதில் விழும்.