வாட்ஸ்அப் குழுவில் வரும் செய்திக்கு யார் பொறுப்பு?

இன்று வாட்ஸ்அப் குழு இல்லாத கடைவீதியே இல்லை எனலாம். பருப்பு, சர்க்கரை விலை, லாரி வரும் நேரம், சங்கக் கூட்ட அறிவிப்பு எல்லாம் அதில்தான் வருகின்றன. தொழிலுக்கு அது பெரிய உதவி, மறுப்பதற்கில்லை. ஆனால் வதந்தியும் வசவும் அதே வழியாகத்தான் வருகின்றன. விபரீதம் நேர்ந்தால் யார் பதில் சொல்வது? எழுதியவரா, குழுவின் நிர்வாகியான அட்மினா, வாட்ஸ்அப் நிறுவனமா? பல வியாபாரிகள் நம்மிடம் கேட்கும் கேள்வி இது.

நிறுவனத்தின் பொறுப்பு

தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000, 79ஆம் பிரிவின்படி, பிறர் போடும் செய்திக்கு இடம் கொடுக்கும் நிறுவனம் பொதுவாகக் குற்றவாளி ஆகாது. நீதிமன்ற உத்தரவோ அரசின் அறிவிப்போ வந்த பிறகும் நீக்காவிட்டால்தான் அந்தப் பாதுகாப்பை இழக்கும் என்று 2015 மார்ச்சில் சுப்ரீம் கோர்ட் விளக்கியது. மேலும், வாட்ஸ்அப் செய்திகள் பூட்டிய உறையில் போவது போலப் போகின்றன. நிறுவனமே அவற்றைப் படிக்க இயலாது.

அதே தீர்ப்பில் 66-ஏ பிரிவு ரத்து செய்யப்பட்டது. எரிச்சலூட்டும் செய்தி என்ற தெளிவற்ற சொல்லை வைத்து, சாதாரண விமர்சனத்துக்கும் கைது செய்ய அது இடம் தந்தது. சட்டத்தை இறுக்கினால் நியாயமான பேச்சும் நசுங்குகிறது. தளர்த்தினாலோ உயிரே போகிறது. 2018 மே மாதம் திருவண்ணாமலை மாவட்டத்தில், குலதெய்வக் கோயிலுக்குச் சென்ற சென்னை மூதாட்டி ஒருவர் பிள்ளை பிடிப்பவர் என்ற சந்தேகத்தில் அடித்தே கொல்லப்பட்டார். அப்போது அந்த வதந்தி வாட்ஸ்அப்பில் ஊர் ஊராகச் சுற்றிக்கொண்டிருந்தது. நாட்டின் பல பகுதிகளில் இத்தகைய கொலைகள் நடந்த பின், 2018 ஜூலையில், ஒரு செய்தியை ஒரே நேரத்தில் 5 பேருக்கு அல்லது குழுக்களுக்கு மேல் அனுப்ப முடியாதபடி இந்தியாவில் கட்டுப்பாடு வந்தது.

அட்மினும் அனுப்புபவரும்

அட்மின் என்ற ஒரே காரணத்துக்காக, உறுப்பினர் போட்ட செய்திக்கு அவரைக் குற்றவாளி ஆக்க முடியாது. பம்பாய் உயர் நீதிமன்றத்தின் நாக்பூர் கிளை 2021லும், கேரள உயர் நீதிமன்றம் 2022லும் இவ்வாறு கூறின. நமது மதுரைக் கிளையும் 2021 டிசம்பரில், ஒருவர் அட்மினாக மட்டுமே இருந்திருந்தால் அவர் பெயரை இறுதி அறிக்கையில் நீக்க வேண்டும் என்றது. ஆனால் அவரும் உடந்தை என்று சாட்சியம் இருந்தால் தப்ப முடியாது.

எழுதியவருக்கோ விலக்கு இல்லை. "எனக்கு வந்ததை அப்படியே அனுப்பினேன்" என்ற சமாதானமும் எடுபடாது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவில், பொதுமக்களிடையே பீதி கிளப்பும் நோக்கத்துடன் பொய்ச் செய்தியோ வதந்தியோ பரப்பினால் 353ஆம் பிரிவின்படி 3 ஆண்டு வரையிலும், அவதூறுக்கு 356ஆம் பிரிவின்படி 2 ஆண்டு வரையிலும் சிறை உண்டு.

நம் தொழிலில் அடிக்கடி நடப்பது ஒன்று. பாக்கி வைத்தவரின் படத்தைப் போட்டு, "மோசடிப் பேர்வழி, யாரும் சரக்குக் கொடுக்காதீர்கள்" என்று எழுதுகிறார்கள். பாக்கி உண்மைதானே என்பது மட்டும் போதாது. சொன்னது உண்மையாகவும், பொதுநன்மைக்காகவும் இருந்தால்தான் அவதூறுச் சட்டம் விலக்குத் தரும். வீட்டில் நோய் வந்து தவணை தவறியவரும் இருப்பார். இருபது வருட நாணயம் ஒரு படத்தில் போய்விடும். செக் திரும்பினால், வங்கி தகவல் தந்த 30 நாளுக்குள் எழுத்து மூலம் நோட்டீஸ் அனுப்பலாம், கோர்ட்டுக்குப் போகலாம். வசூலுக்கு அதுவே நேர்வழி.

பத்து ரூபாய் நாணயத்தையும் மறக்க வேண்டாம். 14 வடிவங்களும் செல்லும் என்று ரிசர்வ் வங்கி 2018 ஜனவரியில் அறிவித்தது. ஆயினும் "செல்லாது" என்ற வதந்தியால் தமிழகத்தின் பல ஊர்களில் கடைக்காரர்களே வாங்க மறுத்தார்கள். முடங்கியது நம் கல்லாவில் இருந்த பணந்தானே?

நாம் செய்ய வேண்டியவை

சட்டம் தூரத்தில் நிற்கிறது. நிறுவனத்துக்குக் கண் தெரியாது. குழுவை அருகிலிருந்து பார்ப்பவர்கள் நாம்தான். ஆகவே ஒவ்வொரு சங்கக் குழுவும் கீழ்க்கண்டவற்றை விதியாக எழுதி, உறுப்பினர் அறியச் செய்வது நலம்.

1. தொழில் செய்தி மட்டுமே. சாதி, மதம், கட்சி வேண்டாம்.
2. அரசு உத்தரவு, வரி, உணவுப் பாதுகாப்பு பற்றிய செய்தி என்றால் எங்கிருந்து வந்தது என்று தெரிந்தபின் போடவும்.
3. யாருடைய படமும், பாக்கி விவரமும் வேண்டாம்.
4. தவறான செய்தியை அட்மின் உடனே நீக்கி, மறுப்பையும் அதே குழுவில் போடவும். அந்த வசதி 2022 முதல் அட்மினுக்கு உண்டு.
5. ஒருவரை நீக்குமுன் அவர் பக்கத்தையும் கேட்கவும். முடிவை இருவர் மூவர் சேர்ந்து எடுக்கவும்.

ஐந்தாவது விதி முக்கியம். சங்கக் கணக்கைக் கேட்டார், நிர்வாகிகளைக் குறை சொன்னார் என்பதற்காக ஓர் உறுப்பினரை நீக்குவது ஒழுங்குமுறை ஆகாது, அது வாயடைப்பு. பொய்யைத் தடுக்கத்தான் அட்மினுக்கு அதிகாரம், கேள்வியைத் தடுக்க அல்ல. கிளைச் சங்கங்கள் அடுத்த கூட்டத்திலேயே இதைப் பேசித் தீர்மானமாக எழுதிக்கொள்ள வேண்டுகிறோம்.