வான்கோழி வாலும் வர்த்தக ஸ்தாபனமும்

பத்துப் பேர் கூடி நடத்தும் ஒரு சங்கத்தில் சேர வேண்டுமானால் நீங்கள் என்ன செய்வீர்கள்? சந்தாவைக் கட்டுவீர்கள், கையெழுத்துப் போடுவீர்கள், அதோடு சரி. ஆனால், "உங்கள் வீட்டுச் சமையலில் ஒரு மாறுதல் செய்தால்தான் இடம்" என்று சங்கத்தார் சொன்னால் எப்படி இருக்கும்? ஒரு தேசத்துக்கே அப்படி நேர்ந்தது, வாசகர்களே!

பசிபிக் சமுத்திரத்தில் சாமோவா என்று ஒரு தீவு நாடு இருக்கிறது. ஜனத்தொகை சுமார் இரண்டு லட்சம்தான். தேங்காய், கிழங்கு, மீன் இவையே அந்த மக்களின் பழைய ஆகாரம். பிற்காலத்தில் கப்பலேறி அங்கே வந்து சேர்ந்தது வான்கோழியின் வால். அமெரிக்காவில் வான்கோழியின் மார்புக் கறிக்குத்தான் கிராக்கி. கொழுப்பு மண்டிய வாலை அங்கே அதிகம் பேர் சீந்துவதில்லை. அங்கே விலை போகாத சரக்கு, மலிவு விலையில் சாமோவாவின் அடுப்புக்கு வந்தது. நாக்குக்கும் பிடித்துப் போயிற்று. உடல் பருமனும் நீரிழிவும் பெருகுவதைக் கண்ட சர்க்கார், 2007-ல் அந்த வாலை இறக்குமதி செய்யத் தடை விதித்தது.

இங்கேதான் சிக்கல் பிறந்தது. 1998-லேயே சாமோவா, உலக வர்த்தக ஸ்தாபனத்தில் சேர மனுப் போட்டிருந்தது.

அந்த ஸ்தாபனத்தின் பூர்வோத்தரம் இது: 1947-ல் ஜினீவா நகரில் 23 தேசங்கள் கூடி, சுங்க வரிகளைக் குறைத்துக்கொள்ள ஓர் ஒப்பந்தம் செய்துகொண்டன. அவற்றில் இந்தியாவும் உண்டு, இலங்கையும் உண்டு. அந்த ஒப்பந்தத்தின் வாரிசாக 1995-ல் பிறந்ததே உலக வர்த்தக ஸ்தாபனம். 2024-ல் அங்கத்தினர் தொகை 166 ஆயிற்று.

முதலில் வந்தவர்கள் சேர்ந்து விதி எழுதினார்கள். பின்னால் வருகிறவர்கள் பாடுதான் திண்டாட்டம்! கல்யாணப் பேச்சில் மாப்பிள்ளையின் மாமா ஒரு சீர், அத்தை ஒரு சீர், சித்தப்பா ஒரு சீர் என்று கேட்பதுபோல, பழைய அங்கத்தினர் யார் வேண்டுமானாலும் புதியவரிடம் நிபந்தனை கேட்கலாம். ஒருவருக்கு இறங்கிக் கொடுத்த வரிச் சலுகை எல்லோருக்கும் பொதுவாகிவிடும். சீனா 15 வருஷம் காத்திருந்து 2001-ல் நுழைந்தது. ருஷ்யாவுக்கோ 19 வருஷம் ஆயிற்று.

சாமோவாவிடம் கேட்கப்பட்ட சீர்களில் ஒன்று, வான்கோழி வால் தடையை நீக்குவது. கேட்டதிலும் ஒரு நியாயம் இருந்தது. கொழுப்புப் பண்டங்கள் எத்தனையோ இருக்க, ஒன்றை மட்டும் துறைமுகத்தில் மறிப்பானேன்? ஆரோக்கியத்துக்காகத் தடை விதிக்க விதிகளில் இடமுண்டு. ஆனால் அது பாரபட்சமில்லாமல் இருக்க வேண்டும். கடைசியில் ஒரு சமரசம் ஏற்பட்டது. தடை போய், அதற்குப் பதில் முதலில் 300 சதவீதமும், பிறகு 100 சதவீதமும் சுங்க வரி விதிக்கலாம் என்று தீர்ந்தது. 2012 மே 10-ந் தேதி சாமோவா 155-வது அங்கத்தினர் ஆயிற்று.

இத்தனை சிரமப்பட்டு ஏன் சேர வேண்டும் என்று கேட்கிறீர்களா? வெளியே நிற்கும் சின்ன தேசத்தைப் பெரிய தேசம் எப்படியும் நடத்தலாம்; உள்ளே வந்துவிட்டால் கேள்வி கேட்க ஒரு மேடை கிடைக்கிறது. ஆன்டிகுவா-பார்புடா என்ற குட்டித் தீவு நாடு 2003-ல் அமெரிக்கா மீதே அங்கே வழக்குத் தொடுத்து, தன் பக்கம் தீர்ப்பும் பெற்றது.

ஆனாலும் மனம் சமாதானம் அடைவதில்லை. தடை என்றால் பணக்காரனுக்கும் இல்லை, ஏழைக்கும் இல்லை. வரி என்றால், கையில் காசுள்ளவனுக்குக் கதவு திறந்தே இருக்கிறது. ஏழைக்கோ, பிடித்துப்போன பண்டம் இன்னும் கொஞ்சம் விலை கூடுகிறது. தன் ஜனங்களின் உடம்பைப் பற்றி ஒரு சிறிய நாடு எடுத்த முடிவை, ஜினீவாவில் பேரம் பேசித்தான் முடிக்க வேண்டியிருந்தது.

நாம் ஆரம்பத்திலேயே உள்ளே இருந்தவர்கள். வாசலில் நின்று அறியாதவர்கள். நின்றவர்களின் கதையையும் தெரிந்துகொள்வது நல்லதுதானே?