இணைய கேபிள் அறுந்தால் மீட்பது எப்படி? ஒளியிழை விநியோகச் சட்டகத்தின் பணி

பெங்களூரு: பெங்களூருவில் மரங்களிலும் மின்கம்பங்களிலும் அனுமதியின்றித் தொங்கும் ஒளியிழை கேபிள்களை மாநகர நிர்வாகமும் பெஸ்காம் மின் விநியோக நிறுவனமும் அவ்வப்போது அகற்றி வருகின்றன. கேபிள் அறுந்தால் இணைய சேவை முடங்கும். அதை விரைந்து மீட்பதில், தொலைத்தொடர்பு நிலையத்தில் உள்ள ஒளியிழை விநியோகச் சட்டகத்துக்கு முக்கியப் பங்கு உண்டு.

வெளியிலிருந்து வரும் கேபிளின் ஒவ்வோர் இழையும் இச்சட்டகத்தில் பிரிக்கப்பட்டு, இணைமுனை கொண்ட சிறு இழையுடன் உருக்கி ஒட்டப்படுகிறது. அம்முனை, 'பேட்ச் பேனல்' எனப்படும் பலகையில் எண்ணிட்ட துளையில் பொருத்தப்படும். அங்கிருந்து 'பேட்ச் கார்டு' என்ற குறுகிய கேபிள் கருவியுடன் இணைக்கிறது.

இழையில் ஒளி செல்லும் மையப்பகுதியின் விட்டம் சுமார் 9 மைக்ரோமீட்டர் மட்டுமே. இணைமுனையில் படியும் தூசியே ஒளியைத் தடுத்துவிடும். இழையைக் கூர்மையாக வளைத்தால் ஒளி கசியும். பச்சை நிற முனை 8 டிகிரி சாய்வாகத் தீட்டப்பட்டது; நீல நிற முனையில் அச்சாய்வு இல்லை. இரண்டையும் ஒன்றோடொன்று இணைக்கக் கூடாது.

கேபிள் அறுந்ததும், உரிய துளையில் 'ஓடிடிஆர்' சோதனைக் கருவியை இணைத்து ஒளித்துடிப்புகள் அனுப்பப்படுகின்றன. திரும்பி வரும் ஒளியைக் கொண்டு, எவ்வளவு தொலைவில் பழுது என்பது கணக்கிடப்படுகிறது.

எந்தத் துளை யாருடையது என்ற பதிவு பிழையாக இருந்தால், இயங்கிக்கொண்டிருக்கும் வேறோர் இணைப்பை ஊழியர் கழற்றிவிட நேரிடும். அது ஒரு மருத்துவமனையின் இணைப்பாகவும் இருக்கலாம். எனவே, ஒவ்வொரு மாற்றத்துக்குப் பின்னரும் பெயர்ச்சீட்டையும் பதிவேட்டையும் உடனே திருத்துவது அவசியமாகும்.