14 நாள், 9 கேள்வி, ஒரு நம்பர்

கேப்ல இருந்து இறங்கும்போது டிரைவர் அண்ணா "ஃபைவ் ஸ்டார் போட்டுடுங்க"ன்னு சொல்வார். நாமளும் போட்டுடுவோம். ஏசி ஓடியிருக்காது, ரூட் சுத்தியிருக்கும், ஆனாலும் 5. நாம 4 போட்டா அவர் பொழைப்புல கை வைக்கிற மாதிரின்னு ஒரு பயம். அப்போ அந்த 5-க்கு "அருமை"ன்னு அர்த்தம் இல்ல. "பெருசா சண்டை எதுவும் இல்ல"ன்னு அர்த்தம்.

இதே வேலையை நான் ஒரு ஆஸ்பத்திரி ஃபார்ம்லயும் பண்ணியிருக்கேன். அதைப் பத்திதான் இன்னைக்குப் பேசப்போறேன்.

அந்த ஃபார்ம் பேரு பிஹெச்க்யூ-9. மனச்சோர்வு இருக்கான்னு முதல்கட்டமா பார்க்க உலகம் முழுக்கப் பயன்படுத்துறாங்க. க்ரோங்கி, ஸ்பிட்சர், வில்லியம்ஸ்னு மூணு பேர் சேர்ந்து 2001-ல இதைப் பத்தின ஆய்வை வெளியிட்டாங்க. மொத்தம் 9 கேள்வி. எதுலயும் ஆர்வம் இல்லாம இருந்ததா, தூக்கம் கெட்டதா, சாப்பாடு குறைஞ்சதா இல்ல கூடிச்சா, இப்படிப் போகும். ஒவ்வொண்ணுக்கும் 0-ல இருந்து 3 வரைக்கும் மார்க். கூட்டினா அதிகபட்சம் 27. 5-ல இருந்து 9 வரை லேசானது, 10-ல இருந்து 14 வரை மிதமானது, அப்புறம் படிப்படியா ஏறும். பொதுவா 10 வந்தாதான் "இதைக் கவனிச்சுப் பார்க்கணும்"னு எடுத்துப்பாங்க.

பதில்களுக்கு நம்பர் கொடுத்துக் கூட்டுற இந்த யோசனையை 1932-லயே பிரபலமாக்கினவர் அமெரிக்க உளவியலாளர் ரென்சிஸ் லிக்கர்ட். (நிறைய பேர் லைக்கர்ட்னு சொல்றாங்க. லிக்கர்ட்தான் சரி. நானும் ரொம்ப நாள் தப்பாத்தான் சொல்லிட்டு இருந்தேன்.)

நிறைய பேர் சறுக்குற இடம் ஒண்ணு இருக்கு. இந்த ஃபார்ம் "எவ்வளவு கஷ்டம்?"னு கேட்கல. கடந்த 2 வாரத்துல "எத்தனை நாள்?"னு கேட்குது. 0-ன்னா இல்லவே இல்ல, 1-ன்னா சில நாள், 2-ன்னா பாதி நாளுக்கு மேல, 3-ன்னா கிட்டத்தட்ட தினமும். ரெண்டே நாள் படுக்கையை விட்டு எழவே முடியாம கிடந்தவருக்கும் 1தான். ரெண்டு நாள் லேசா மூட் அவுட் ஆனவருக்கும் 1தான்.

அதைவிட முக்கியமான விஷயம், மொத்த மார்க். ரெண்டு பேரை நினைச்சுப் பாருங்க. ஒருத்தர் நைட் ஷிஃப்ட் பார்க்கிறவர்: தூக்கம் 3, அசதி 3, சாப்பாடு 3, மீதியெல்லாம் 0. மொத்தம் 9. இன்னொருத்தர்: மனசு பாரமா இருக்கு 3, நான் எதுக்கும் உதவாதவன்னு தோணுது 3, செத்துப்போயிட்டா தேவலைன்னு தோணுது 3. அவருக்கும் 9. ரெண்டு பேருக்கும் ஃபார்ம் சொல்றது "லேசானது". ரெண்டாவது ஆளை அப்படியே வீட்டுக்கு அனுப்பிட முடியுமா? அதனாலதான் விவரம் தெரிஞ்ச டாக்டர்கள் மொத்தத்தைப் பார்க்கிறதோட நிறுத்தாம 9-வது கேள்வியைத் தனியா பார்ப்பாங்க. அங்க 1 இருந்தாலே உட்கார வெச்சுப் பேசுவாங்க.

இப்போ என் கதை. ரெண்டு வருஷம் முன்னாடி வெயிட்டிங் ஹால்ல இந்த ஃபார்மைக் கையில கொடுத்தாங்க. பக்கத்துல அம்மா. பேனா ஒவ்வொரு கட்டத்துக்கும் போகும்போது அவங்க கண்ணும் கூடவே வந்துச்சு. தூக்கம் பத்தின கேள்வியில "நல்லாத்தானே தூங்குற?"ன்னாங்க. 1 போட்டேன். 9-வது கேள்வி வந்தப்போ யோசிக்காம 0-வை டிக் பண்ணிட்டேன். மொத்தம் 7.

உள்ள போனதும் டாக்டர் ஃபார்மைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். அம்மாவை அஞ்சு நிமிஷம் வெளிய இருக்கச் சொன்னார். புதுசா ஒரு ஃபார்மை நீட்டி, "இப்போ போடுங்க"ன்னார். இந்த தடவை 13. 9-வதுல 1.

அதே நாள், அதே ஆள், அதே கேள்விகள். மாறினது பக்கத்து நாற்காலி மட்டும்தான். அம்மா மேல எனக்குக் கோபம் இல்ல, பயந்துபோய்தான் அப்படிக் கேட்டாங்க. ஆனா அந்த டாக்டர் 7-ஐ அப்படியே நம்பியிருந்தா, இந்த மைக் முன்னாடி நான் உட்கார்ந்திருப்பேனான்னு சில நாள் யோசிப்பேன்.

அதனால இந்த ஃபார்ம் உங்க கைக்கு வந்தா, தனியா உட்கார்ந்து போடணும்னு தைரியமா கேளுங்க. காலண்டரைத் திறந்து 14 நாளையும் ஓட்டிப் பாருங்க, நேத்தைய மூடை வெச்சுப் போடாதீங்க. கட்டத்துக்குள்ள அடங்காத விஷயத்தை ஓரத்துல எழுதிடுங்க. நெட்ல நீங்களே போட்டுப் பார்த்து வந்த நம்பரை வெச்சு எந்த முடிவுக்கும் வராதீங்க. இது வடிகட்டுறதுக்கான கருவி, நோய் இருக்கா இல்லையான்னு முடிவு பண்ண ஒரு ஆள் உங்ககிட்ட பேசியாகணும்.

9-வது கேள்விக்கு உங்க பதில் 0 இல்லைன்னா, அடுத்த எபிசோடுக்காகக் காத்திருக்க வேணாம். டெலி மானஸ் நம்பர் 14416. இலவசம், எந்நேரமும் எடுப்பாங்க, தமிழ்லயே பேசலாம்.