கிணற்றுக்கு வரும் வழி: மண்ணுக்கடியில் நீரும் மாசும்

கெலாங் பாத்தா வட்டாரத்துப் பழைய ரப்பர்த் தோட்டங்களை அறிந்தவர்களுக்குக் கிணற்றடியைப் பற்றி விளக்க வேண்டியதில்லை. குழாய் நீர் வருவதற்கு முன்னர், லயன் வீடுகளுக்குச் சற்று அப்பால் இருந்த கிணறே பல குடும்பங்களுக்கு உயிர்நாடியாக விளங்கியது. இன்று அவ்வட்டாரம் இஸ்கண்டார் புத்ரி மாநகரத்தைச் சேர்ந்த பகுதியாகிவிட்டது. 1998-ஆம் ஆண்டில் சிங்கப்பூருக்குச் செல்லும் இரண்டாவது பாலம் திறக்கப்பட்டது. அதைத் தொடர்ந்து தஞ்சோங் பெலப்பாஸ் துறைமுகமும் எழுந்தது. ரப்பரும் செம்பனையும் நின்ற நிலங்கள் பலவற்றில் வீடுகளும் தொழிற்கூடங்களும் வந்துள்ளன.

ஆயினும் கிணறு முற்றிலும் மறைந்துவிடவில்லை. தோட்டங்களிலும் கம்பங்களிலும் எஞ்சியுள்ள கிணறுகள் காய்கறிப் பாத்திகளுக்கும் துணி துவைப்பதற்கும் பயன்படுகின்றன. குழாய் நீர் தடைப்படும் நாட்களில் சமையலுக்கும் அவற்றையே நாடுவோர் உண்டு. நீர் தெளிவாக இருந்தால் அது தூய்மையானது என்று நாம் நம்பிவிடுகிறோம். இந்நம்பிக்கை எவ்வளவு சரியானது என்பதை அறிய, அந்நீர் எவ்வழியாகக் கிணற்றுக்கு வந்து சேர்கிறது என்பதை முதலில் அறிந்துகொள்ள வேண்டும்.

மண்ணுக்குள் இருக்கும் இடைவெளி

பூமிக்கடியில் ஆறுபோல் நீர் ஓடிக்கொண்டிருக்கிறது என்று பலர் எண்ணுகின்றனர். பெரும்பாலான இடங்களில் உண்மை அதுவன்று. மணலுக்கும் மண்ணுக்கும் பாறைக்கும் இடையே நுண்ணிய இடைவெளிகள் உள்ளன. மழை நீர் அவற்றின் வழியே கீழே இறங்கி, ஓர் ஆழத்தில் எல்லா இடைவெளிகளையும் நிரப்பி நிற்கிறது. நீர் ஊறிய பஞ்சைப் போன்றதே அந்நிலை. அவ்வாறு நிரம்பிய பகுதியின் மேல்மட்டத்தையே நிலத்தடி நீர்மட்டம் என்கிறோம். கிணறு என்பது அம்மட்டத்திற்குக் கீழே தோண்டப்பட்ட ஒரு குழியேயாகும்.

இடைவெளி மிகுதியாக இருந்தால் மட்டும் நீர் எளிதில் நகர்ந்துவிடாது. இடைவெளிகள் ஒன்றோடொன்று தொடர்புற்றும் போதிய அகலமுடையனவாகவும் இருத்தல் வேண்டும். களிமண்ணின் கன அளவில் பாதிவரைகூட நீர் அடங்கியிருக்கலாம். ஆனால் அதன் துளைகள் மிக நுண்ணியவை. ஆகவே நீர் அசைவது அரிது. மணலில் இடைவெளி அதனினும் குறைவு. எனினும் துளைகள் பெரியவை என்பதால் நீர் தாராளமாகச் செல்கிறது. கருங்கல்லும் சுண்ணாம்புக் கல்லும் வேறு வகையின. கல்லின் உடல் இறுகியிருந்தாலும் அதன் வெடிப்புகளின் வழியே நீர் விரைந்து பாய்ந்துவிடும்.

டார்சி கண்ட விதி

நிலத்தடி நீரின் நடையை முதன்முதலில் அளந்து விதியாக வகுத்தவர் ஹென்றி டார்சி என்னும் பிரெஞ்சுப் பொறியியலாளர். தம் சொந்த நகரான டிஜோனின் குடிநீர் அமைப்பைப் பற்றி 1856-ஆம் ஆண்டில் அவர் வெளியிட்ட நூலில் இவ்விதி இடம்பெற்றது. மணல் நிரப்பிய உருளையில் நீரைச் செலுத்தி அவர் சோதனைகள் செய்தார். நீர்மட்டத்தின் சரிவு கூடினால் நீரோட்டமும் அதே விகிதத்தில் கூடுகிறது என்பதும், மணலின் தன்மைக்கேற்ப ஓட்டத்தின் அளவு மாறுகிறது என்பதும் அவர் கண்ட உண்மைகள்.

ஓர் எடுத்துக்காட்டைக் காண்போம். நடுத்தர மணல் நிலம் ஒன்றில் 200 மீட்டர் தூரத்திற்கு 1 மீட்டர் என்ற அளவில் நீர்மட்டம் சரிந்திருக்கிறது எனக் கொள்வோம். அங்கே நீர் ஒரு நாளைக்கு ஏறக்குறைய 20 சென்டிமீட்டர், அதாவது ஒரு சாண் அளவே நகரும். ஓராண்டில் அது கடக்கும் தூரம் சுமார் 73 மீட்டர். அதே சரிவில் இறுகிய களிமண்ணாக இருந்தால், ஓராண்டில் ஒரு மில்லிமீட்டர்கூட நகராது.

ஆற்று நீருக்கும் நிலத்தடி நீருக்கும் உள்ள பெரிய வேறுபாடு இதுவே. 2019 மார்ச் மாதத்தில் நமது ஜொகூரிலேயே, பாசிர் கூடாங்கில் உள்ள சுங்கை கிம் கிம் ஆற்றில் இரசாயனக் கழிவு கொட்டப்பட்டது. அதன் நெடி உடனே பரவியது, ஆயிரக்கணக்கானோர் பாதிப்புற்றனர், 111 பள்ளிகள் மூடப்பட்டன. அது பெருந்துயரம் என்பதில் ஐயமில்லை. எனினும் நேர்ந்தது என்ன என்பது உடனே தெரிந்தது. மண்ணுக்குள் இறங்கும் கழிவு அவ்வாறு குரல் கொடுப்பதில்லை. மேட்டில் 150 மீட்டர் தொலைவில் இன்று கசியும் எண்ணெய்ப் பீப்பாயின் விளைவு, மேற்சொன்ன மணல் நிலத்தில், இரண்டு ஆண்டுகளுக்குப் பின்னரே கிணற்றில் தென்படக்கூடும். அதற்குள் பீப்பாயும் அங்கிராது. அதை வைத்தவரும் அங்கிருக்கமாட்டார்.

மாசுகள் பலவிதம்

நீரோடு செல்லும் பொருள்கள் யாவும் ஒரே வேகத்தில் செல்வதில்லை. உரத்திலிருந்தும் கழிவறைக் குழியிலிருந்தும் வரும் நைட்ரேட்டு, மண்ணில் ஒட்டாமல் நீரின் வேகத்திலேயே பயணம் செய்யும். அதற்கு நிறமோ மணமோ இல்லை. கைக்குழந்தைக்குப் புட்டிப்பால் கலக்கும் நீரில் அது மிகுந்தால், குழந்தையின் இரத்தம் உயிர்வளியைச் சுமக்கும் ஆற்றலை இழந்து உடல் நீலம் பாயக்கூடும். குடிநீரில் நைட்ரேட்டு லிட்டருக்கு 50 மில்லிகிராமைத் தாண்டலாகாது என உலகச் சுகாதார நிறுவனம் வகுத்துள்ளது.

இதற்கு மாறானது, நம் தோட்டங்களில் நெடுங்காலம் களைக்கொல்லியாகப் பயன்பட்டு, 2020 ஜனவரி முதல் நம் நாட்டில் தடைசெய்யப்பட்ட பாராகுவாட். கொடிய நஞ்சாயினும், அது களிமண்ணில் இறுக ஒட்டிக்கொள்வதால் நிலத்தடி நீருக்கு எளிதில் இறங்குவதில்லை. நோய்க் கிருமிகளிலும் பல மண்ணிலே வடிக்கப்பட்டு அழிகின்றன. டீசல், பெட்ரோல் போன்றவை நீரைவிட இலேசானவை. ஆதலால் நீர்மட்டத்தின் மேல் மிதந்து, சிறிது சிறிதாக நீரில் கரைந்து, காற்றில் பரவும் புகைபோல் விரிந்துகொண்டே போகும்.

மண் ஒரு நல்ல வடிகட்டி என்பது உண்மைதான். ஆனால் வெடிப்புள்ள பாறையில் அந்த வடிகட்டி இல்லை. கனடாவின் வாக்கர்டன் என்னும் சிற்றூரில் 2000-ஆம் ஆண்டு மே மாதம் பெய்த கனமழை, அருகிலிருந்த பண்ணையின் மாட்டுச் சாணக் கிருமிகளை ஆழமற்ற ஒரு குடிநீர்க் கிணற்றுக்குக் கொண்டு சேர்த்தது. 7 பேர் இறந்தனர். 2,000-க்கும் மேற்பட்டோர் நோயுற்றனர்.

சுன்னாகம் தந்த பாடம்

நம் இனத்தவர் வாழும் யாழ்ப்பாணத்தில் நேர்ந்ததையும் இங்கே கருதவேண்டும். யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுதும் ஓடும் ஆறு கிடையாது. அதன் அடித்தளம் சுண்ணாம்புக் கல். மழை நீர் அக்கல்லைக் கரைத்து உண்டாக்கிய துளைகளிலும் பொந்துகளிலும் தேங்கி நிற்கிறது. அதையே கிணறுகளின் வழியே மக்கள் குடிக்கவும் பயிரிடவும் பயன்படுத்துகின்றனர்.

சுன்னாகம் மின்நிலையத்தைச் சூழ்ந்த கிணறுகளில் எண்ணெய் கலந்திருப்பது, 2015-ஆம் ஆண்டையொட்டிப் பெரும் பொதுப் பிரச்சினையாக எழுந்தது. தலைமுறை தலைமுறையாகத் தம் வீட்டுக் கிணற்றை நம்பியிருந்தோர், வண்டிகளில் வரும் நீருக்காகக் காத்திருக்க நேர்ந்தது. வழக்கு இலங்கை உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 2019 ஏப்ரலில் அந்நீதிமன்றம், அங்கு மின் உற்பத்தி நடத்திய நிறுவனம் நிலத்தடி நீரை மாசுபடுத்தியதெனத் தீர்ப்பளித்தது. மக்களுக்கு ஏற்பட்ட இழப்பின் ஒரு பகுதிக்கு ஈடாக 2 கோடி இலங்கை ரூபாய் செலுத்துமாறு ஆணையிட்டதுடன், கண்காணிக்க வேண்டிய அரசு அமைப்புகள் கடமையில் தவறியதையும் சுட்டிக்காட்டியது.

தீர்ப்பு வந்தது, ஆனால் ஒரு தீர்ப்பினால் கிணற்று நீரை முந்தைய நிலைக்குக் கொண்டுவந்துவிட முடியாது. பாறையின் பொந்துகளில் புகுந்த எண்ணெயைத் துடைத்தெடுக்க வழியில்லை. மெல்லச் சென்ற மாசு, மெல்லவே வெளியேறும்.

கடலோரத்தில் மேலும் ஓர் எச்சரிக்கை

கெலாங் பாத்தா ஜொகூர் நீரிணையை ஒட்டிய பகுதி. அதன் மேற்கே சுங்கை புலாய் ஆற்று முகத்துவாரத்தின் அலையாத்திக் காடுகள், 2003-ஆம் ஆண்டில் ராம்சார் ஒப்பந்தத்தின்கீழ் உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலமாக அறிவிக்கப்பட்டன. இத்தகைய கடலோரங்களில் நன்னீர், கனமான உப்பு நீரின்மேல் மிதந்து நிற்கிறது. கடல் மட்டத்திற்கு மேல் நன்னீர் 1 மீட்டர் நின்றால், அதற்குக் கீழே சுமார் 40 மீட்டர் ஆழம்வரை நன்னீர் இருக்கும் என்பது அறிவியலார் கண்ட கணக்கு. அளவுக்கு மீறி நீரை இறைத்து அந்த 1 மீட்டரைக் குறைத்துவிட்டால், அடியிலிருந்து உப்பு நீர் மேலேறி வரும். சென்னைக்கு வடக்கே மீஞ்சூர் வட்டாரத்தில் அவ்வாறே கடல்நீர் பல கிலோமீட்டர் தூரம் நிலத்தினுள் புகுந்து கிணறுகளைக் கெடுத்தது.

நாம் செய்யக்கூடியவை

நம் நாட்டில் 1974-ஆம் ஆண்டின் சுற்றுச்சூழல் தரச் சட்டமும், அதன்கீழ் செம்பனை எண்ணெய் ஆலைகளுக்கு 1977-லும் ரப்பர் ஆலைகளுக்கு 1978-லும் வகுக்கப்பட்ட விதிமுறைகளும் ஆலைக் கழிவுநீரைக் கட்டுப்படுத்துகின்றன. சட்டம் ஒரு பக்கம் இருக்க, கிணற்றைக் காக்கும் பொறுப்பு நமக்கும் உண்டு.

முதலாவதாக, கழிவறைக் குழியும் குப்பைக் குழியும் கிணற்றிலிருந்து 30 மீட்டராவது தள்ளி, நிலத்தின் தாழ்ந்த பக்கத்தில் இருத்தல் வேண்டும். நீர்மட்டம் பெரும்பாலும் நிலத்தின் சரிவையே பின்பற்றும் என்பதை நினைவிற்கொள்க. கிணற்றைச் சுற்றிச் சிமெண்டுத் தளமும், உயர்ந்த சுவரும், மூடியும் அமைத்தால் மேற்பரப்பு நீர் உள்ளே வழியாது.

இரண்டாவதாக, டீசல், பழைய எந்திர எண்ணெய், மின்கல அமிலம் ஆகியவற்றை மண்ணில் ஊற்றலாகாது. பூச்சிமருந்துக் கலன்களை மும்முறை அலசி, அந்நீரைத் தெளிப்பானிலேயே ஊற்றிப் பயன்படுத்திவிட வேண்டும். கைவிடப்பட்ட கிணற்றைக் குப்பைத் தொட்டியாக்குவது எல்லாவற்றினும் கேடானது. வடிகட்டும் மண்ணைத் தாண்டி நேரே நீரினுள் நஞ்சைக் கொட்டுவதற்கு அது ஒப்பாகும்.

மூன்றாவதாக, நீரைக் கொதிக்க வைத்தால் கிருமிகள் மடியும். ஆனால் நைட்ரேட்டோ, உலோகங்களோ கொதிப்பதால் அகலமாட்டா. நீர் வற்றும்போது அவற்றின் செறிவு கூடவே செய்யும். ஆகவே குடிப்பதற்குக் கிணற்று நீரை நம்பியுள்ளோர், குறிப்பாகக் கைக்குழந்தை உள்ள வீட்டார், மாவட்டச் சுகாதார அலுவலகத்தை அணுகி நீர்ச் சோதனை பற்றி விசாரித்தல் நலம். எண்ணெய் மணமோ புதிய சுவையோ தெரிந்தால், அன்றே அந்நீரைக் குடிப்பதை நிறுத்திப் புகார் செய்ய வேண்டும்.

நாம் இறைக்கும் ஒவ்வொரு வாளி நீரும் முந்திய ஆண்டுகளில் பெய்த மழை. அன்று அந்நிலத்தின்மேல் வாழ்ந்தவர்கள் எதைக் கொட்டினார்களோ, எதைக் கொட்டாமல் காத்தார்களோ, அதுவே இன்று நம் குவளைக்கு வருகிறது. இன்று நாம் செய்வது நம் பிள்ளைகளின் குவளைக்குச் செல்லும்.